ஈரப்பதம் பதினேழு

பெருகவாழ்ந்தான் கொள்முதல் நிலையத்தில்
நான் பருவகாலப் பட்டியல் எழுத்தர்.
பருவம் முடிந்தால் யாருமில்லை.
பருவத்திலோ
நூறு ஏக்கர்க்காரரும் என் முகம் பார்ப்பார்.

சாக்குக்குள் முழங்கை வரை கை விடுவேன்.
மேலே காய்ந்ததைப் பரப்பி
அடியில் ஈரத்தை ஒளிப்பது
எல்லா ஊரிலும் உண்டு.
அள்ளி, ஊதி, ஒரு மணியைப் பல்லில் வைப்பேன்.
டக்கென்று உடைந்தால் சரி.
மசிந்தால் மீட்டருக்கு வேலையே இல்லை,
ஆனாலும் வைப்பேன், அவர்களுக்கு எண் வேண்டும்.
பதினேழு தாண்டினால்
எடுத்துப் போ, ரோட்டில் காயப்போடு, நாளை வா.

உத்திராபதியை மூன்று முறை திருப்பினேன்.
பத்தொன்பது புள்ளி இரண்டு.
பதினெட்டு புள்ளி ஆறு.
இரவெல்லாம் பனி கொட்டி
மறுபடி பத்தொன்பது.
அவர் ஒன்றும் சொல்லவில்லை,
தார்ப்பாய் முடிச்சைப் போடத்தான்
ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டார்.

தை மாசம் சம்பளம் வரவில்லை. மாசியும் பிறந்துவிட்டது.
வண்டிக்குச் செயின் போயிற்று.
துளிர் கேஷ்.
பச்சை இலை, நான்கு புள்ளி ஆறு நட்சத்திரம்,
பத்து லட்சம் பேர் இறக்கியது.
சந்தில் விற்ற சரக்கில்லை,
பெரிய கடைக்குள்ளேயே இருந்தது.
என்னைப் போல் ஒருவன்
அங்கேயும் உட்கார்ந்து
கை விட்டுப் பார்த்திருப்பான் என்று நினைத்தேன்.

தொடர்புகளைத் தரவா என்றது. தந்தேன்.
படங்களை? தந்தேன்.
நாலாயிரம் கேட்டதற்குக் கையில் விழுந்தது
இரண்டாயிரத்து அறுநூறு.
தவணை ஏழு நாள். ஐந்தாம் நாளே
கேட்டறியாத ஒரு குரல்
என் மனைவி பேரைச் சொல்லி விசாரித்தது.

என் போனில் சொந்தக்காரர்கள் குறைவு.
மீதியெல்லாம்
கலியபெருமாள் அறுபது மூட்டை,
லாரி சேட்டு,
உத்திராபதி ஈரம்.
முன்னூற்றுப் பன்னிரண்டு பேருக்கும் போனது:
என் தலை, எவனுடையதோ துணியில்லாத உடம்பு,
கீழே 'திருடண்' என்று.
மூன்று சுழி.
அந்த நேரத்திலும் என் கண் அதைத்தான் திருத்தியது.

புகார் கொடுத்தேன்.
ஐந்நூறு எழுத்துக்குள் சொல்ல
ஒரு பெட்டி வைத்திருக்கிறார்கள்.
பன்னிரண்டு நாள் கழித்துப் பதில்,
பிழையே இல்லாத தமிழில்:
ஆய்வு செய்தோம். விதிமீறல் எதுவும் இல்லை.

எந்தச் சாக்கில் கை விட்டாய்?
எந்த மணியைக் கடித்தாய்?
இங்கே மழை ஆண்டில்
இரண்டு சதவீதம் தளர்த்த
டெல்லியிலிருந்து மூன்று கார் வந்து
பிளாஸ்டிக் பையில் நெல்லைக் கட்டிக்கொண்டு போகும்.

பங்குனியில் துளிர் காணாமல் போனது.
அடுத்த வாரம் தளிர் கேஷ்.
அதே இலை, கொஞ்சம் இளம்பச்சை.
நான்கு புள்ளி ஏழு.

மறுநாள் காலையைச் சொல்லாமல்
தாண்டி வந்துவிட்டேன்.
படம் போன மறுநாள்.

வரிசையில் எல்லார் சட்டைப்பையிலும் நான் இருந்தேன்.
டோக்கன் கூப்பிட வாய் வரவில்லை.
தையல்நாயகி தூற்றும் இயந்திரத்தை
நெல் இல்லாமலே ஓடவிட்டாள்,
கொஞ்ச நேரம் அந்தச் சத்தம் உதவியது.
உத்திராபதி, நாலாம் முறை.
போனை நீட்டினார். படத்தைத் தள்ளிவிட்டு
அதற்கு மேலிருந்த வரியில் விரல் வைத்தார்.
'வணக்கம் உத்திராபதி ஈரம்.'

"நம்ம பேரு இதுவா தம்பி?"

மீட்டரை வைத்தேன்.
பதினேழு புள்ளி எட்டு.
ஒரு மணியைப் பல்லில் வைத்தேன்,
உடைந்ததா மசிந்ததா
நாக்குக்குத் தெரியவில்லை.
பதினேழு என்று எழுதினேன்.

அவருக்குப் பின்னால் வந்தவருக்கும் பதினேழு.
அன்றைக்கு உள்ளே போனது நானூற்றுப் பத்து மூட்டை.
ஒன்றிலும் நான் கை விடவில்லை.